பீன்ஸ், காளான், ஒரு சூப் டின்: கேசரோல் கணக்கு

அமெரிக்காவில் நவம்பர் மாதத்தின் நான்காவது வியாழக்கிழமை, நன்றி நவிலும் நாள். அன்று யார் வீட்டு விருந்துக்குப் போனாலும் வான்கோழி, மசித்த உருளைக்கிழங்கு, கிரான்பெர்ரி சாஸ் இவற்றோடு ஒரு கண்ணாடிப் பாத்திரமும் மேசையில் இருக்கும். மேலே பொன்னிறமாகப் பொரித்த வெங்காயம், கரண்டியை உள்ளே விட்டால் வெண்ணிறக் குழம்பில் பச்சை பீன்ஸும் காளானும். இதுதான் கிரீன் பீன் கேசரோல். வான்கோழி சாப்பிடாத நம்மாட்களுக்கு அந்த மேசையில் கைகொடுக்கும் இரண்டு மூன்று அயிட்டங்களில் இதுவும் ஒன்று.

இதைக் கேலி செய்வோரும் உண்டு. "டின்னைத் திறந்து கொட்டுறது எல்லாம் ஒரு சமையலா?" என்பார்கள். அந்தக் கேள்வியோடுதான் நானும் இதைத் தோண்ட ஆரம்பித்தேன். தோண்டத் தோண்ட ஒன்று புரிந்தது. இந்த ரெசிபி போகிற போக்கில் பிறந்ததல்ல. தேவைகள் என்ன, கட்டுப்பாடுகள் என்ன என்று எழுதி வைத்துக்கொண்டு வடிவமைக்கப்பட்டது. அந்த வடிவமைப்பைப் புரிந்துகொண்டால், டின் இல்லாமலும் இதைச் செய்யலாம். எங்கே மாற்றலாம், எங்கே கை வைக்கக் கூடாது என்றும் தெரிந்துவிடும். இந்தப் பதிவில் வரலாறு, அறிவியல், செய்முறை மூன்றையும் பார்ப்போம். செய்முறை மட்டும் வேண்டும் என்பவர்கள் நேராகக் கீழே போய்விடலாம்.

கேசரோல் என்றால் ஹாட்பேக் இல்லை

நம்ம ஊரில் கேசரோல் என்றால் சப்பாத்தி ஆறாமல் இருக்கப் போட்டு வைக்கிற மூடி போட்ட டப்பா. மூலத்தில் அது பிரெஞ்சு வார்த்தை. அடுப்பில் வைக்கிற பாத்திரத்தின் பெயர். அமெரிக்காவில் பாத்திரத்தின் பெயர் உள்ளே வேகிற பண்டத்துக்கும் வந்துவிட்டது. நாம் "இட்லிப் பானை" என்று பாத்திரத்துக்குப் பண்டத்தின் பெயரை வைக்கிறோம், அவர்கள் பண்டத்துக்குப் பாத்திரத்தின் பெயரை வைத்தார்கள், அவ்வளவுதான்.

பொதுவாக ஒரு கேசரோலுக்கு மூன்று பாகங்கள். ஒன்று, காய் அல்லது மாமிசம் அல்லது நூடுல்ஸ். இரண்டு, அதை ஒன்றாகப் பிடித்து வைக்கும் கெட்டியான குழம்பு. மூன்று, மேலே மொறுமொறுப்பாக ஏதோ ஒன்று. எல்லாவற்றையும் ஒரே பாத்திரத்தில் போட்டு ஓவனில் வைத்து, அதே பாத்திரத்தோடு மேசைக்குக் கொண்டுவரலாம். இதற்கு வசதியாக வந்தது பைரெக்ஸ் கண்ணாடி. கார்னிங் நிறுவனம் அதை 1915-இல் சமையல் பாத்திரமாக விற்கத் தொடங்கியது. அங்கே வேலை பார்த்த விஞ்ஞானி ஒருவரின் மனைவி பெஸ்ஸி லிட்டில்டன், பேட்டரிக்காகச் செய்த கண்ணாடி ஜாடியின் அடிப்பாகத்தில் கேக் சுட்டுப் பார்த்து, இது சமையலுக்கு ஆகும் என்று காட்டினார் என்பது அந்த நிறுவனத்தின் வரலாற்றில் பதிவான கதை. சமைத்துப் பரிமாறுவதற்கு ஒரே பாத்திரம், கழுவுவதும் ஒன்றே ஒன்று. இருபதாம் நூற்றாண்டு அமெரிக்க வீடுகளில் கேசரோல் வேரூன்ற இது ஒன்றே பாதிக் காரணம்.

டின்னுக்குள் என்ன இருக்கிறது?

இன்னொரு பாதிக் காரணம் சூப் டின். 1897-இல் ஜான் டாரன்ஸ் என்ற இளம் வேதியியலாளர், தன் சித்தப்பா நிர்வகித்த கேம்ப்பெல் நிறுவனத்தில் வாரத்துக்கு ஏழரை டாலர் சம்பளத்துக்குச் சேர்ந்தார். சூப்பில் பெரும்பகுதி தண்ணீர். அதை டின்னில் அடைத்து ரயிலில் அனுப்பினால், அனுப்புவதில் பெரும்பகுதி வெறும் தண்ணீர்தான். டாரன்ஸ் அந்தத் தண்ணீரைக் குறைத்துச் சூப்பைச் சுண்டவைத்தார். வீட்டில் ஒரு டின்னுக்கு ஒரு டின் தண்ணீர் ஊற்றிக்கொள்ள வேண்டியது. டின் சிறுத்தது, சரக்குக் கட்டணம் குறைந்தது, விலை பத்து சென்ட்டுக்கு வந்தது. மென்பொருள்காரர்கள் பாஷையில் சொன்னால் கோப்பைச் சுருக்கி அனுப்பி, போய்ச் சேர்ந்த இடத்தில் விரித்துக்கொள்வது.

1934-இல் அதே நிறுவனம் கிரீம் ஆஃப் மஷ்ரூம் சூப்பை அறிமுகப்படுத்தியது. இங்கேதான் சுவாரசியம். தண்ணீர் ஊற்றினால் அது சூப். ஊற்றாமல் விட்டால்? மாவு, கொழுப்பு, பால் பொருள், காளான், உப்பு எல்லாம் சேர்ந்த கெட்டியான கலவை. பிரெஞ்சு சமையலில் பெஷமெல் என்று சொல்லும் வெள்ளை சாஸ் கிட்டத்தட்ட இதேதான். அடுப்பருகே நின்று கட்டி தட்டாமல் கிளற வேண்டிய ஒரு சாஸ், தயார் நிலையில் மளிகைக் கடை அலமாரியில் உட்கார்ந்திருக்கிறது! அமெரிக்க இல்லத்தரசிகள் அதைச் சூப்பாகக் குடித்ததைவிட சாஸாகப் பயன்படுத்தியது அதிகம். மின்னசோட்டா பக்கம் இதற்கு "லூத்தரன் பைண்டர்" என்றே செல்லப்பெயர். லூத்தரன் திருச்சபை விருந்துகளுக்கு வரும் கேசரோல்களை எல்லாம் ஒட்டிப் பிடித்து வைப்பது இதுதான் என்பதால்.

1955, காம்டன், நியூ ஜெர்சி

நியூ ஜெர்சியில் காம்டன் நகரில் கேம்ப்பெல் நிறுவனத்தின் சோதனைச் சமையலறை இருந்தது. அங்கே மனையியல் பட்டம் பெற்ற பெண்கள், நிறுவனத்தின் டின்களை வைத்துப் புதுப்புது ரெசிபிகளை உருவாக்கினார்கள். அவர்களில் ஒருவர் டார்கஸ் ரைலி. ட்ரெக்ஸல் கல்லூரியில் 1947-இல் பட்டம் பெற்றவர்.

1955-இல் அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் கட்டுரை ஒன்றுக்காக ஒரு ரெசிபி தேவைப்பட்டது. நிபந்தனை இதுதான்: எந்த வீட்டு அலமாரியிலும் சாதாரணமாக இருக்கும் பொருள்களை வைத்தே செய்ய வேண்டும். அன்றைய அமெரிக்க வீட்டில் இரண்டு பொருள்கள் நிச்சயம் இருக்கும். ஒன்று பீன்ஸ் டின், இன்னொன்று காளான் சூப் டின். ரைலியின் குழு அவற்றை வைத்துச் சோதித்து எழுதியதுதான் "கிரீன் பீன் பேக்". பின்னாளில் சூப் டின்னின் லேபிளிலேயே செய்முறையை அச்சிட்டார்கள். அப்புறம் சொல்லவா வேண்டும்! அமெரிக்காவில் விற்கும் காளான் சூப் டின்களில் சுமார் 40 சதவீதம் இந்தக் கேசரோலுக்கே போகிறது என்பது அந்த நிறுவனமே சொல்லி வந்த மதிப்பீடு.

2002-இல் ரைலியின் கையால் எழுதிய மூல அட்டை, ஒஹையோ மாநிலம் ஆக்ரனில் இருந்த தேசியக் கண்டுபிடிப்பாளர் மண்டபத்துக்குக் கொடுக்கப்பட்டது. எடிசன் பெயர் இருக்கிற இடத்தில் ஒரு பீன்ஸ் ரெசிபி! இதில் எனக்குப் பிடித்த தகவல்: பிற்காலத்தில் செய்தியாளர்கள் கேட்டபோது, இதை உருவாக்கியதே ஆரம்பத்தில் தனக்கு நினைவில் இல்லை என்றார் ரைலி. அவர் கைப்பட்ட நூற்றுக்கணக்கான ரெசிபிகளில் இதுவும் ஒன்று. அன்றைய வேலை, செய்து முடித்தார், அடுத்ததற்குப் போய்விட்டார். 2018 அக்டோபரில், 92 வயதில் காலமானார். அதற்குப் பிறகும் ஒவ்வொரு நவம்பரிலும் லட்சக்கணக்கான வீடுகளில் அவர் எழுதியது ஓடிக்கொண்டிருக்கிறது. பல வருஷங்களுக்கு முன்னால் யாரோ எழுதிய நிரலை இன்னும் தொடாமல் ஓட்டிக்கொண்டிருக்கும் நம் தொழிலில் இருப்பவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

மூல ரெசிபி

பொருள்கள் ஆறே ஆறு. சுண்டிய காளான் சூப் ஒரு டின் (சுமார் 300 கிராம்), பால் அரை கப், சோயா சாஸ் ஒரு தேக்கரண்டி, மிளகுத்தூள் ஒரு சிட்டிகை, வெந்த பீன்ஸ் நாலு கப், டின்னில் வரும் பொரித்த வெங்காயம் ஒன்றேகால் கப்புக்குச் சற்று மேல். வெங்காயத்தில் பாதியை மற்ற எல்லாவற்றோடும் கலந்து, 350 டிகிரி ஃபாரன்ஹீட்டில், அதாவது சுமார் 175 டிகிரி செல்சியஸில், 25 நிமிடம். பிறகு கிளறிவிட்டு, மீதி வெங்காயத்தை மேலே தூவி இன்னும் 5 நிமிடம். முடிந்தது.

இதன் பலம், எதைச் சொதப்பினாலும் தாங்கும் என்பது. பீன்ஸ் டின்னாக இருக்கலாம், உறைய வைத்ததாக இருக்கலாம், புதிதாகவும் இருக்கலாம். ஐந்து நிமிடம் கூடினாலும் குடி முழுகாது. நவம்பர் கடைசியில் வட அமெரிக்காவின் பெரும்பகுதியில் தோட்டத்தில் பீன்ஸ் இருக்காது என்பதையும் சேர்த்துப் பாருங்கள். குளிர் தொடங்கிய நாளில் மேசைக்குப் பச்சையாக ஒன்று கொண்டுவர, டின் அன்று சோம்பேறித்தனமாக இல்லை. தேவையாக இருந்தது.

அப்புறம் ஏன் டின் இல்லாமல் செய்ய வேண்டும்?

என் வீட்டில் காரணம் உப்பு. அப்பா ஊரிலிருந்து வந்து சில மாதங்கள் எங்களோடு தங்கியிருந்தார். ரத்தக் கொதிப்புக்கு மாத்திரை சாப்பிடுகிறவர். உப்பைக் குறைக்கச் சொல்லி டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். ஊறுகாய், அப்பளம் எல்லாவற்றையும் ஒதுக்கி வைத்துவிட்டு, விருந்தில் "இதுல காரமே இல்லப்பா, உப்பும் தெரியல" என்று இந்தக் கேசரோலை இரண்டாம் முறை வாங்கிக்கொண்டார். வீட்டுக்கு வந்து டின் லேபிளைப் படித்தேன்.

கணக்கு இதுதான். சுண்டிய சூப் அரை கப்பில் 800 மில்லிகிராமுக்கு மேல் சோடியம். ஒரு டின்னில் அப்படி இரண்டரை அளவு. ஆக ஒரு டின்னுக்கு 2,000 மில்லிகிராமைத் தாண்டுகிறது. உலக சுகாதார நிறுவனம் ஒரு ஆளுக்கு ஒரு நாள் முழுவதற்கும் சொல்லும் வரம்பே 2,000 மில்லிகிராமுக்குக் கீழேதான். சோயா சாஸ் ஒரு தேக்கரண்டியில் சுமார் 300. ஆறு பேருக்குப் பிரித்தால் தலைக்கு ஏறத்தாழ 400. டின் பீன்ஸிலும் பொரித்த வெங்காயத்திலும் இருக்கும் உப்பு இதில் சேரவே இல்லை. நாக்குக்குத் தெரியாததற்குக் காரணம், பாலும் மாவும் கொழுப்பும் உப்பை மூடி மறைப்பதுதான்.

உப்புக் குறைத்த டின்களும் கடைகளில் கிடைக்கின்றன, வாங்கலாம். ஆனால் வீட்டிலேயே செய்தால் உப்பு நம் கையில். சுவை குறையாமல் இருக்க என்ன செய்வது என்பதற்குக் காளானே விடை வைத்திருக்கிறது.

உள்ளே நடப்பது என்ன?

*பீன்ஸின் பச்சை.* பச்சை நிறத்துக்குக் காரணமான குளோரோஃபில் மூலக்கூறின் நடுவில் ஒரு மெக்னீசியம் அணு இருக்கிறது. சூட்டில் காயின் செல்கள் உடைந்து அமிலம் வெளியே வந்தால், மெக்னீசியம் விலகி அந்த இடத்தில் ஹைட்ரஜன் உட்காருகிறது. பச்சை போய், ஊறுகாய் மாங்காய் மாதிரி மங்கிய ஆலிவ் நிறம் வருகிறது. டின் பீன்ஸ் எப்போதும் அந்த நிறத்தில் இருப்பதற்குக் காரணம், நச்சுக் கிருமிகளைக் கொல்ல அதைச் சுமார் 121 டிகிரியில் அழுத்தத்தோடு வேகவைப்பதுதான். வீட்டில் நாம் செய்ய வேண்டியது: நிறையத் தண்ணீரைத் தளதளவென்று கொதிக்கவிட்டு, மூடாமல் 4 நிமிடம் வேகவைத்து, உடனே ஐஸ் தண்ணீரில் போடுவது. மூடாவிட்டால் ஆவியாகும் அமிலங்கள் வெளியே போகும். ஆப்ப சோடா ஒரு சிட்டிகை போட்டாலும் பச்சை நிற்கும். ஆனால் அது செல் சுவரைக் கரைத்துவிடும், ஓவனில் இன்னும் அரைமணி நேரம் வேக வேண்டிய பீன்ஸ் கூழாகிவிடும். வேண்டாம்.

*காளானின் தண்ணீர்.* காளானில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். அந்தத் தண்ணீர் வாணலியில் இருக்கும்வரை சூடு 100 டிகிரியைத் தாண்டாது. பொன்னிறமாகி வாசனை வர அதைவிட நிறையச் சூடு வேண்டும். அதனால் அகலமான வாணலி, நல்ல தீ, தண்ணீர் முழுக்க வற்றும்வரை பொறுமை. காளான் கரைந்துவிடுமோ என்ற பயம் தேவையில்லை. அதன் செல் சுவர் கைட்டின் என்ற பொருளால் ஆனது. நண்டு ஓட்டில் இருப்பதும் அதுதான். சூட்டில் காய் மாதிரி குழையாது. தண்ணீர் வற்றாமலேயே ஓவனில் வைத்தால் அது சாஸில்தான் இறங்கும், கேசரோல் தளதளத்துப் போகும்.

*சுவையின் கூட்டணி.* 1908-இல் ஜப்பானிய வேதியியலாளர் கிகுனே இகேடா, கொம்பு என்ற கடற்பாசியிலிருந்து குளூட்டமேட்டைப் பிரித்து அந்தச் சுவைக்கு உமாமி என்று பெயர் வைத்தார். பின்னாளில் அகிரா குனினாகா என்பவர், ஷிடாகே உலர் காளானில் உள்ள குவானிலேட் என்ற பொருளைக் குளூட்டமேட்டோடு சேர்த்தால், இரண்டின் சுவையும் கூட்டலாக இல்லாமல் பெருக்கலாக ஏறுகிறது என்று காட்டினார். சோயா சாஸில் குளூட்டமேட் உண்டு, உலர் காளானில் குவானிலேட் உண்டு. ரைலி போட்ட அந்த ஒரு தேக்கரண்டி சோயா சாஸ் அங்கே சும்மா இல்லை. நாம் கொஞ்சம் உலர் காளானைச் சேர்த்தால், உப்பைக் குறைத்தாலும் குறை தெரியாது.

*சாஸ்.* மாவை நேராகப் பாலில் போட்டால் வெளிப்பக்கம் வெந்து, உள்ளே பச்சை மாவோடு கட்டி தட்டும். முதலில் வெண்ணெயில் வறுத்தால் மாவுத் துகள் ஒவ்வொன்றையும் கொழுப்பு சுற்றிக்கொள்ளும். பால் ஊற்றும்போது தனித்தனியாகப் பிரிந்து ஊதும். முழுக்கக் கெட்டியாக ஒரு கொதி வர வேண்டும். அதற்கு முன் அடுப்பை அணைத்தால் மாவு வாசனை அடிக்கும்.

*வெங்காயம்.* மொறுமொறுப்புக்கு எதிரி ஈரம். பாதியை உள்ளே கலப்பது மொறுமொறுப்புக்காக இல்லை. அது கரைந்து சாஸுக்கு வாசனை தரும், மேல்மாவு சாஸைக் கெட்டியாக்கும். மீதியைக் கடைசி 5 நிமிடத்தில்தான் போட வேண்டும். முதலிலேயே போட்டால் கீழிருந்து வரும் ஆவியில் சொதசொதத்து, வெளிச்சூட்டில் கருகும். பிரியாணிக்குப் பொரிக்கும் வெங்காயம் இங்கேயும் ஆகும், ஆனால் மைதா பிசறிப் பொரித்தது இன்னும் நேரம் தாங்கும்.

டின் இல்லாத செய்முறை (6 பேருக்கு)

தேவையானவை:

- பீன்ஸ் 500 கிராம், இரண்டு அங்குலத் துண்டுகளாக
- பட்டன் காளான் 250 கிராம், சற்றுத் தடிமனான வில்லைகளாக
- ஷிடாகே உலர் காளான் 5 கிராம் (கிடைத்தால்)
- உப்பில்லாத வெண்ணெய் 45 கிராம்
- மைதா 25 கிராம் (சுமார் 3 மேசைக்கரண்டி)
- பால் 350 மில்லி
- பூண்டு 2 பல், நசுக்கியது
- சோயா சாஸ் 1 தேக்கரண்டி, உப்பு கால் தேக்கரண்டி, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி
- பெரிய வெங்காயம் 2, பிசற மைதா 3 மேசைக்கரண்டி, பொரிக்க எண்ணெய்

1. உலர் காளானை 100 மில்லி குளிர்ந்த தண்ணீரில் ஒரு மணி நேரம் ஊறவைத்து, பொடியாக நறுக்குங்கள். ஊறிய தண்ணீரைக் கொட்ட வேண்டாம், வடிகட்டி வையுங்கள். உலர் காளான் இல்லையென்றால் அந்த 100 மில்லிக்குப் பதில் வெறும் தண்ணீர்.

2. வெங்காயத்தை மெல்லிய வில்லைகளாக நறுக்கி, மைதாவில் பிசறி, உதறிவிட்டு, மிதமான சூட்டில் பொன்னிறமாகப் பொரித்து எடுங்கள். எடுத்த பிறகும் நிறம் ஏறும், அதனால் ஒரு நிழல் முன்னாலேயே எடுத்துவிடவும்.

3. பீன்ஸை மேலே சொன்னபடி 4 நிமிடம் வேகவைத்து, ஐஸ் தண்ணீரில் போட்டு, வடித்து, துணியில் ஒற்றி எடுங்கள். உப்பு போட வேண்டாம். ஒற்றி எடுப்பதை விட்டுவிடாதீர்கள். ஒட்டியிருக்கும் தண்ணீர் சாஸை நீர்க்கச் செய்யும்.

4. வாணலியில் 15 கிராம் வெண்ணெயில் பட்டன் காளானைப் பரப்பி, தண்ணீர் விட்டு, வற்றி, ஓரங்கள் சிவக்கும்வரை வதக்குங்கள். 8 முதல் 10 நிமிடம் ஆகும். நறுக்கிய உலர் காளானும் பூண்டும் சேர்த்து ஒரு நிமிடம்.

5. மீதி 30 கிராம் வெண்ணெயையும் மைதாவையும் சேர்த்து, நிறம் மாறாமல் 2 நிமிடம் வறுக்கவும். பாலையும் காளான் தண்ணீரையும் மூன்று தவணையாக ஊற்றிக் கிளறவும். கொதி வந்து, கரண்டியின் பின்பக்கம் படியும் பதம் வந்ததும் சோயா சாஸ், உப்பு, மிளகு.

6. பீன்ஸையும் பொரித்த வெங்காயத்தில் பாதியையும் கலந்து, 2 லிட்டர் கண்ணாடிப் பாத்திரத்தில் பரப்புங்கள். 175 டிகிரியில், முன்கூட்டியே சூடாக்கிய ஓவனில் 25 நிமிடம். ஓரங்களில் குமிழி வர வேண்டும். ஓடிஜியில் விசிறி ஓடுமென்றால் 160 போதும்.

7. மீதி வெங்காயத்தைத் தூவி 5 நிமிடம். வெளியே எடுத்து 10 நிமிடம் ஆறவிட்டால் சாஸ் இறுகிப் பரிமாற வாகாக இருக்கும்.

இந்த அளவில் சோடியம்: உப்பில் சுமார் 590, சோயா சாஸில் 300, பாலில் 150 மில்லிகிராம். ஆறு பேருக்குப் பிரித்தால் தலைக்கு 175 பக்கம். டின் வழியில் 400-ஐத் தொட்டதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அப்பாவுக்கு இதைத்தான் செய்து கொடுத்தோம். "அன்னிக்கு சாப்பிட்டதுக்கு இது தேவலை, காளான் வாசனை தூக்கலா இருக்கு" என்றார்.

சைவர்கள் கேட்க வேண்டிய மூன்று கேள்விகள்

பார்ப்பதற்குச் சைவம் போல இருந்தாலும், மற்றவர் வீட்டில் சாப்பிடும்போது மூன்றைக் கேட்டுவிடுவது நல்லது. ஒன்று, பேக்கன் சேர்த்திருக்கிறார்களா? பலர் வாசனைக்காகச் சேர்ப்பார்கள். இரண்டு, சாஸில் கோழி எலும்புச் சாறு ஊற்றினார்களா? மூன்று, சோயா சாஸுக்குப் பதில் வூஸ்டர்ஷர் சாஸா? அதில் வழக்கமாக நெத்திலி வகை மீன் உண்டு. கோதுமை ஒத்துக்கொள்ளாதவர்களுக்கும் ஒரு எச்சரிக்கை: சூப் டின், பொரித்த வெங்காயம், சோயா சாஸ் மூன்றிலும் கோதுமை இருக்கும். வீட்டில் செய்தால் மைதாவுக்குப் பதில் அரிசி மாவையும் சோள மாவையும் வைத்துச் சமாளிக்கலாம். சோயா சாஸை மட்டும் கோதுமை இல்லாத வகையாகப் பார்த்து வாங்க வேண்டும்.

விருந்துக்கு முந்தின நாளே செய்து வைக்க வேண்டுமென்றால், ஆறாவது படியில் பாத்திரத்தில் பரப்புவதோடு நிறுத்தி, மூடி ஃபிரிட்ஜில் வையுங்கள். மறுநாள் ஓவன் நேரத்தை 10 முதல் 15 நிமிடம் கூட்டிக்கொள்ளவும். மேலே போடும் வெங்காயத்தை மட்டும் காற்றுப் புகாத டப்பாவில் வெளியே தனியாக வைக்க வேண்டும். மிச்சமானதை மைக்ரோவேவில் வைத்தால் வெங்காயம் தொய்ந்துவிடும். ஓவனிலேயே ஒரு 10 நிமிடம் வையுங்கள். அடுத்த நாள் காலை, ரொட்டித் துண்டுக்கு நடுவில் வைத்துச் சுட்டாலும் அருமையாகத்தான் இருக்கிறது.